தள்ளுபடிக்கு முன்னால் ஒரு வரி

திருகோணமலைத் துறைமுகப் பக்கத்தில் படகு எஞ்சின் திருத்தும் வேலைத்தளம் வைத்திருக்கிறேன். அதைப் பெருப்பிக்க வங்கியில் கடன் எடுத்தபோது, மனைவியின் சீதன வீட்டை ஈடு வைத்தோம். பிறகு மண்ணெண்ணெய் கிடைக்காத காலம் வந்தது. பக்கத்துச் சல்லிக் கிராமத்தில் மீன்பிடி வள்ளங்கள் கரையிலேயே கிடந்தன. ஓடாத எஞ்சினை யார் திருத்தக் கொண்டுவருவார்கள்? தவணைகள் தவறின. வீட்டை ஏலம் விடப்போவதாக வங்கி பத்திரிகையில் அறிவித்தல் போட்டது.

நான் சோர்ந்துபோனேன். "வீட்டைக் குடுத்திட்டு, கட்டைபறிச்சானில உம்மட அம்மாவோட போய் இருப்பம்" என்றேன்.

"ஏலாது. நான் வழக்குப் போடுறன். நீங்கள் வேலையைப் பாருங்கோ" என்றாள்.

வட்டிக் கணக்கு பிழை, ஏலத்தை நிறுத்த வேண்டும் என்று மனுப் போட்டாள். நீதிமன்றம் ஏலத்துக்கு இடைக்காலத் தடை கொடுத்தது. அத்தோடு வழக்கு தவணைமேல் தவணையாக இழுபட்டது. அவள் அதைப் பார்த்துக்கொண்டு இருக்கவில்லை. துறைமுகத்தில் வேலை செய்பவர்களுக்கு மதியச் சாப்பாடு கட்டி விற்கத் தொடங்கினாள். மண்ணெண்ணெய் திரும்பக் கிடைத்து எனக்கும் வேலை கூடியது. கடைசியில் தன் பங்கு வயலை விற்றாள். வங்கி மனேஜருக்கு முன்னால் கதிரையை இழுத்துப் போட்டு இருந்து, தவணை தவறியதற்கான தண்டவட்டியைக் கழிக்கச் சம்மதிக்கும்வரை கதைத்தாள். கடன் முழுவதும் தீர்ந்தது. வங்கி ஏலத்தைக் கைவிட்டது.

வழக்கின் அடுத்த தவணைக்குப் போனபோது எங்கள் சட்டத்தரணி, வயதில் இளையவர், சிரித்துக்கொண்டே வந்தார்.

"அக்கா, இனி விசாரிக்க ஒண்டுமில்லை. ஏலமே இல்லையெண்டா மனு எதுக்கு? தள்ளுபடியாகிடும்."

அவள் முகம் மாறியது. "தள்ளுபடி எண்டா நாங்கள் தோத்துப்போனம் எண்டெல்லோ சனம் நினைக்கும்?"

"சட்டத்தில அப்பிடி அர்த்தமில்லை அக்கா."

"சனத்துக்கு ஆர் சட்டம் சொல்லுறது, தம்பி? கடனைக் கட்டி முடிச்சாச்சு எண்டு அதில எழுதச் சொல்லிக் கேளுங்கோ."

"ஓம், அது நியாயம்தான். கேட்டுப் பாப்பம்" என்றார்.

கேட்டார். வங்கியின் சட்டத்தரணியும் எழுந்து, ஆட்சேபனை இல்லை என்றார். நீதிபதி கண்ணாடிக்கு மேலால் பார்த்து, "மனுதாரர் வந்திருக்கிறாரா?" என்று கேட்டார். அவள் எழுந்து நின்றாள். அவளைப் பார்த்தபடியே நீதிபதி நிறுத்தி நிறுத்திச் சொன்னார்: "மனுதாரர் கடனை முழுமையாகச் செலுத்திவிட்டார். வங்கியும் ஏலத்தைக் கைவிட்டுள்ளது. ஆகவே இந்த மனுவைத் தொடரத் தேவையில்லை என்பதால் தள்ளுபடி செய்யப்படுகிறது."

பின்வரிசை வாங்கில் இருந்த எனக்கு நெஞ்சு நிறைந்துவிட்டது. 'என்ர மனிசி' என்று பக்கத்தில் இருந்தவரிடம் சொன்னேன். அவர் யாரென்றே எனக்குத் தெரியாது.

வெளியே வந்ததும், ஓட்டோ வேண்டாம் என்றாள். கடற்கரையால் நடந்தோம். இங்கே நகரத்துக்குள்ளேயே திரியும் மான்கள் இரண்டு வீதிக்குக் குறுக்கே நின்றன. அவள் விலகவில்லை, கையை வீசிக்கொண்டு நேரே நடந்தாள். அவைதான் விலகின.