நாலு பதினைந்துக்கு நிற்கும் மழை

ஹுஸைனின் மழை நாலு மணிக்குத் தொடங்கி முப்பத்தொரு நிமிடம் பெய்ய வேண்டும். செப்டெம்பர் இருபதாம் திகதி அது நாலு பத்தொன்பதுக்கு நின்றது. மறுநாளும் நின்றது. அதற்கு மறுநாளும் நின்றது. திரையில் எல்லாம் ஓடிக்கொண்டிருந்தன, விளக்குகள் மின்னின, ஊசிகள் ஆடின. சத்தம் மட்டும் இல்லை.

"ஒங்கட மழ விட்டிட்டா?" என்று குசினியிலிருந்து ஜஹானா கேட்டாள்.

"விடல்ல. செத்துப் போச்சு."

"அல்ஹம்துலில்லாஹ். நான் கொஞ்சம் படுக்கிறன்."

ஹுஸைன் கொப்பியை எடுத்து நேரத்தை எழுதினார்.

எழுதுவது அவருக்குப் புதிதல்ல. ஹுன்னஸ்கிரியவுக்கு மேலே ஒரு தேயிலைத் தோட்டத்துக் கந்தோரில் 1984 முதல் 2014 வரை அவர் கிளாக்கராக இருந்தார். அந்த முப்பத்தொரு வருடமும் காலை எட்டரைக்கு மழைமானியைத் திறந்து, தண்ணீரை அளவுஜாடியில் ஊற்றி, மில்லிமீற்றரைப் பதிந்தார். ஒரு நாள் தவறவில்லை. நிக்காஹ் நடந்த அன்றும் எட்டரைக்கு அளந்துவிட்டுத்தான் வத்தேகமைக்கு பஸ் ஏறினார். ஜஹானா அதை இன்றுவரை மன்னிக்கவில்லை.

இந்தப் பதிவேடுகளைப் பிரதி எடுக்கத்தான் பேராதனைப் பல்கலைக்கழகத்திலிருந்து விரிவுரையாளர் றமீலா கட்டுகஸ்தோட்டையில் உள்ள வீட்டுக்கு வந்தார். காலநிலைக் கண்காட்சி ஒன்று நடத்தப்போகிறார்களாம். இலக்கங்களைச் சுவரில் ஒட்டினால் யாரும் நின்று பார்க்கமாட்டார்கள், சத்தமாக்கினால் கேட்பார்கள் என்றார். மருமகன் மஹ்மூத் புதியது வாங்கியதும் கொடுத்துவிட்டுப் போன பழைய தொடுதிரை டெப் ஒன்று ஹுஸைனிடம் சும்மா கிடந்தது. அதில் மொடியூலர் சிந்தஸைஸர் என்ற செயலியைப் போட்டுக் கொடுத்தார் றமீலா. திரை நிறையச் சின்னச் சின்னப் பெட்டிகள். ஒன்று சத்தத்தை உண்டாக்கும், ஒன்று வடிகட்டும், ஒன்று தாளம் போடும். ஒரு பெட்டியிலிருந்து இன்னொன்றுக்கு விரலால் வயர் இழுக்க வேண்டும். மழை இலக்கத்தை உள்ளே விட்டால் மழை வெளியே வரும்.

வரும் என்றுதான் சொன்னார். முதல் மூன்று நாள் ஒன்றும் வரவில்லை. கடைசிப் பெட்டியிலிருந்து வெளியீட்டுப் பெட்டிக்கு வயர் இழுக்கவில்லை என்பது நாலாம் நாள்தான் தெரிந்தது. சத்தம் வந்த பிறகு அப்பளம் நொறுக்குவதுபோல் கரகரத்தது. டெப்பின் மூளைக்கு வேலை அதிகம், பஃபர் என்ற இலக்கத்தை 128இலிருந்து 512 ஆக்கினால் அடங்கும் என்று இணையத்தில் எவரோ எழுதியிருந்தார், அடங்கியது. புளூடூத் ஸ்பீக்கரில் சத்தம் கால் விநாடி பிந்தி வந்தது. ஓர் ஆண்டு மழையை ஒரு நிமிடத்துக்குள் அடக்கியிருந்தார்; கால் விநாடி என்றால் ஒன்றரை நாள் மழை! அதைத் தூக்கி வைத்துவிட்டு வயர் ஸ்பீக்கர் வாங்கினார். அறிவிப்புகள் குறுக்கே வந்து குழப்பும், எல்லாவற்றையும் மறைத்துவிடுங்கள் என்று இன்னொருவர் எழுதியிருந்தார். ஒவ்வொன்றாகத் தேடி மறைத்தார். எல்லாம் கொப்பியில் இருக்கிறது, திகதியோடு.

ஆனால் இந்த நிற்கும் வியாதிக்கு மட்டும் மருந்து கிடைக்கவில்லை. செயலியைச் செய்தவர்களுக்கு மூன்று தரம் எழுதினார். மூன்று தரமும் 'டெப்பை ஒருமுறை அணைத்துப் போடவும்' என்று பதில் வந்தது. கண்டியில் ஃபோன் திருத்தும் ருஷ்தியிடம் கொண்டுபோனார்.

"அங்கிள், ஒரு ரீசெட் அடிச்சா பஸ்ட் கிளாஸ்."

"அடிச்சா நான் இழுத்த வயரெல்லாம்?"

"அது போகும்."

"எத்தின வயர் எண்டு தெரியுமா? நூத்திப் பதினேழு."

"எண்ணினீங்களா அங்கிள்?" ருஷ்தி நிமிர்ந்து பார்த்தான். ஹுஸைன் டெப்பைப் பறித்துக்கொண்டு பஸ் ஏறினார்.

அவருடைய எரிச்சலுக்குக் காரணம் வேறு. நிற்கும் நேரம் அசைந்துகொண்டிருந்தது. இருபதாம் திகதி நாலு பத்தொன்பது. இருபத்து மூன்று, நாலு பதினெட்டு. இருபத்தேழு, நாலு பதினேழு. முப்பது, நாலு பதினாறு. ஒரு நிமிடத்துக்கு ஓர் ஆண்டு என்ற கணக்கில், நாலு மணிக்கு 1984 தொடங்கும். நாலு பதினைந்துக்கு 1999. இந்த வேகத்தில் போனால் ஒக்டோபர் நாலாம் திகதி, சனிக்கிழமை, கண்காட்சியன்று, மழை சரியாக 1999இன் வாசலில் நிற்கும்.

அந்த ஆண்டைக் கேட்கத்தான் கறுப்பையா வருகிறார்.

1999 நவம்பரில் ஒரு காலை, தோட்டத்தில் மழைநீர் ஓடும் கான் வெட்டும் கறுப்பையா குடை பிடிக்க ஹுஸைன் மழைமானியைத் திறந்தார். இருபத்தைந்து மில்லிமீற்றர் ஜாடி எட்டு முறை நிறைந்தது. ஒன்பதாவதில் பன்னிரண்டு. மொத்தம் இருநூற்றுப் பன்னிரண்டு. அதே காலை கீழ் லயத்து வீடுகளின் பின்மதில் சரிந்தது. தோட்டத்தை நடத்தும் தொரை பதிவேட்டைப் பார்த்தார், 'புள்ளி விட்டுப் போச்சு' என்று சிவப்பு மையால் 21.2 ஆக்கினார். இருபத்தொரு மில்லிமீற்றருக்கு மதில் சரியுமா? சரியாது. ஆகவே கறுப்பையா வெட்டிய கான்தான் குற்றவாளி என்று எழுதப்பட்டது. அவருக்கு வரவிருந்த கங்காணி வேலை வேறொருவருக்குப் போனது. ஹுஸைன் தன் சொந்தக் கொப்பியில் 212 என்றே வைத்திருந்தார். ஆனால் அன்று கந்தோரில் வாய் திறக்கவில்லை. அதையும் கொப்பியில் எழுதி வைத்திருக்கிறார்.

இப்போது 1999ஆம் ஆண்டில் மட்டும் மற்ற நாட்களை ஐம்பது விநாடிக்குள் நெருக்கிவிட்டு, அந்த ஒரு காலைக்குப் பத்து விநாடி ஒதுக்கியிருந்தார். ஒரு ஜாடிக்கு ஒரு தாள அடி: எட்டு முழு அடி, ஓர் அரை அடி.

வியாழக்கிழமை நாலு மணிக்கு அவர் டெப்பைத் திறக்கவே இல்லை. கொப்பியோடு கதிரையில் இருந்தார். பழுதான சாமான் இப்படி ஒழுங்காகப் பழுதாகாது. மூன்று நாலு நாளைக்கு ஒரு நிமிடம் முந்துகிறது. இப்படி முந்துவது வேறென்ன? கண் சுவருக்குப் போனது. பள்ளிவாசல் கொடுத்த தொழுகை நேர அட்டவணை. நண்பகல் தொழுகையான லுஹர் நிரலில் விரலை வைத்து இறங்கினார். மூன்று நாளைக்கு ஒரு நிமிடம், மூன்று நாளைக்கு ஒரு நிமிடம்.

"ஜஹானா! இது சூரியன்!"

"என்ன சூரியன்? மழ எண்டீங்க."

"நாலே காலுக்கு என்ன தொழுகை ஈக்கி? அஸர் மூணு பன்னிரண்டுக்கே முடிஞ்சி போகுதே."

ஜஹானா தேத்தண்ணீர்க் கோப்பையை வைத்தாள். "நமக்குத்தான் முடியும். மருமகனுக்கு நாலே கால்தானே அஸர். கொழும்புக்குப் போற நேரமெல்லாம் அவர் தொழுதிட்டு வாரவரைக்கும் பலகாரத்த மூடி வச்சிட்டுக் காத்துக்கொண்டு ஈக்கிறது ஆரு? நான்தானே!"

மஹ்மூத் மேமன் குடும்பம். மார்க்கச் சட்டத்தில் அவர்கள் ஹனபி மத்ஹப், ஹுஸைன் வீட்டார் ஷாபி; ஹனபிக்கு அஸர் ஒரு மணி நேரம் பிந்தும். ஹுஸைன் உடனே கொழும்புக்கு ஃபோன் எடுத்தார்.

"மகன், இந்த டெப்புல பாங்கு சொல்ற ஆப் ஏதும் போட்டீங்களா?"

"ஓம் மாமா. ஆபீஸ்ல சத்தம் வரப்படாதெண்டு அலாரத்த பூச்சியத்துல வச்சிருந்தேன். ஏன், நல்லா வேல செய்யுதா?"

"நல்லா வேல செய்யுது மகன். நல்லாவே வேல செய்யுது." பல்லைக் கடித்துக்கொண்டு சொன்னார்.

ஊமைப் பாங்கு நேரத்துக்கு எழுந்து, ஸ்பீக்கரைத் தன் கையில் எடுத்துக்கொண்டு, மழையின் வாயை அடைத்துவிட்டுப் போயிருக்கிறது. மற்ற நாலு வக்துத் தொழுகைக்கும் ஹுஸைன் பள்ளியில் இருப்பார், டெப் மேசையில் கிடக்கும். ஜஹானா சத்தம் போட அனுமதித்ததோ நாலுக்கும் அஞ்சுக்கும் இடையில்தான். திரையின் மேலே வந்து காட்டிக்கொடுத்திருக்கும் அறிவிப்பை முதல் வாரமே தன் கையால் மறைத்தவரும் அவரே.

"அழிச்சிப் போடுங்களேன்" என்றாள் ஜஹானா.

"பாங்க அழிக்கிறதா?" அவர் அமைப்புக்குள் போய், மத்ஹப் என்ற இடத்தில் ஹனபியை ஷாபியாக மாற்றினார். அஸர் மூன்று பன்னிரண்டுக்குப் போனது. மறுநாள் மழை முப்பத்தொரு நிமிடமும் பெய்தது.

சனிக்கிழமை மண்டபத்தின் முதல் வரிசையில் கறுப்பையா வெள்ளை வேட்டியோடு இருந்தார். நாலு மணிக்கு மழை தொடங்க வேண்டும். வரவேற்புரை, தலைமையுரை, தலைமையுரைக்கு நன்றியுரை. ஹுஸைன் மணிக்கூட்டைப் பார்த்துக்கொண்டே இருந்தார். நாலு இருபத்திரண்டுக்குத்தான் கூப்பிட்டார்கள். ஒன்றையும் திருத்தாமல் விட்டிருந்தாலும் பாங்கு பேச்சுக்குள்ளேயே போயிருக்கும்!

"வயித்தெரிச்சல்" என்று முணுமுணுத்துக்கொண்டு மேடையேறி, வயரைச் சொருகினார்.

1984 பெய்தது. 1990 காய்ந்து, இடையிடையே சொட்டியது.

"தகரம் உருள்ற மாதிரி இருக்கே கிளாக்கரய்யா" என்று கறுப்பையா கீழேயிருந்து உரக்கச் சொன்னார். பின்வரிசையில் சிரிப்பு.

"பொறுங்க, கறுப்பையா."

1999 வந்தது. சொட்டு, தூறல், சொட்டு. பிறகு எல்லாம் அடங்கி, முதல் அடி விழுந்தது. மண்டபத்துக் கதிரைகள் அதிர்ந்தன. இரண்டு. மூன்று. கறுப்பையா வேட்டி மடியிலிருந்து கையை எடுத்து விரல்களை விரித்தார். நாலு. ஐந்து. மற்றக் கையும் வந்தது. எட்டாவது அடிக்கு எட்டு விரல் நிமிர்ந்து நின்றது. ஒன்பதாவது அடி அரைகுறையாக விழுந்தது. அவர் ஒன்பதாவது விரலைப் பாதிக்கு மடக்கி, மேடையை நோக்கித் தூக்கிக் காட்டினார்.

"பாதிக்குக் கொஞ்சம் கம்மி, கிளாக்கரய்யா!"

"பன்னிரண்டு" என்றார் ஹுஸைன், ஒலிவாங்கிக்குள், மண்டபம் முழுவதற்கும் கேட்க. "மொத்தம் இருநூத்திப் பன்னிரண்டு. கானில பிழையில்ல."

அதற்குள் 2000 பெய்யத் தொடங்கிவிட்டது.