நாடாவில் இல்லாத கத்தி

கலைக்களஞ்சிய அலுவலகத்தில் அவருக்குப் 'பூதக்கண்ணாடி' என்று பெயர். பத்தொன்பது வருடமாக ஆதாரம் பார்க்கிற வேலை. ஒவ்வொரு வரியிலும் விரலை வைத்து, "இதை யார் சொன்னா? எங்க சொன்னா?" என்று குடைவார். வெளியே மழை என்று மனைவி சொன்னாலும் ஜன்னல்வரை போய்ப் பார்த்துவிட்டுத்தான் குடையை எடுப்பார். "என்னைக் கட்டிக்கிட்டதுக்காவது ஆதாரம் வச்சிருக்கீங்களா?" என்று அந்த அம்மாள் கேட்பதுண்டு.

அன்று காலை ஒரு பெண் வந்தார். இறந்துபோன ப்ளூஸ் இசைப் பியானோக்காரர் ஒருவரின் மகள். களஞ்சியத்தைப் பிரித்து மேசைமேல் வைத்தார். 'போட்டி மேடையில் சக கலைஞரைக் கத்தியால் வெட்டினார்' என்ற வரிக்கு அடியில் சிவப்புக் கோடு.

"எங்கப்பா காய் நறுக்கக்கூட மாட்டாரு சார். விரல்ல பட்டுடும்னு பயம். அவரு கத்தியத் தூக்கினாராம்!"

"மூணு ஆதாரம் இருக்கும்மா."

"மூணு பேரும் நேர்ல பாத்தாங்களா?"

பூதக்கண்ணாடிக்குச் சுருக்கென்றது. "சாயங்காலத்துக்குள்ள சொல்றேன்" என்று அனுப்பிவைத்தார்.

முதல் ஆதாரம் ஒரு விழா மலர். அது இரண்டாவது ஆதாரமான புத்தகத்தைக் காட்டியது. புத்தகம் மூன்றாவதான பத்திரிகைக் கட்டுரையைக் காட்டியது. கட்டுரையை எழுதிய நிருபருக்குப் போன் போட்டார்.

"அதுவா? உங்க களஞ்சியத்தோட முதல் பதிப்புலேர்ந்துதான் எடுத்தேன். உங்களைவிடப் பெரிய ஆதாரத்துக்கு நான் எங்க போவேன் சார்?" என்று நிருபர் சிரித்தார்.

ரிசீவரை வைத்தார். ஊரெல்லாம் சுற்றிச் சொந்த வாசலிலேயே வந்து நின்றிருந்தார்.

முதல் பதிப்புக்காக அந்த வரியை எழுதிவைத்த குறிப்பு அட்டையைத் தேடி எடுத்தார். கையெழுத்து அவருடையதேதான். வேலைக்குச் சேர்ந்த முதல் மாதத்தில் எழுதியது. 'ஆதாரம்: பேட்டி, நாடா எண் 14.'

ஒலிநாடா அறையைப் பார்த்துக்கொள்கிற அக்கா அதை ஓடவிட்டார். கரகரப்புக்கு நடுவே பியானோக்காரரின் குரல்: "மூணாவது பாட்டுலயே அவனை வெட்டிட்டேன்!" உடனே இன்னொரு குரல், "பாவி, இன்னும் ஆறலடா!" என்று வாய்விட்டுச் சிரித்தது.

"யாருக்கா அது?"

"வெட்டுப்பட்டவருதான் தம்பி. பக்கத்துலயே உக்காந்திருக்காரு. இந்த ப்ளூஸ்காரங்க பேச்சே அப்படித்தான். போட்டின்னா மாத்தி மாத்தி வாசிப்பாங்க. எதிராளியால பதில் வாசிக்க முடியலைன்னா, வெட்டிட்டான்னுவாங்க."

மூன்று முறை கேட்டார். கத்தி என்ற சொல்லே நாடாவில் இல்லை. வெட்டினால் கத்தியால்தானே என்று அவராகச் சேர்த்தது.

ஆதாரமில்லாமல் ஒரு தேதியைச் சேர்த்ததற்காகப் போன வருடம்தான் உதவி ஆசிரியர் ஒருவரை வீட்டுக்கு அனுப்பியிருந்தார்கள். கண்டுபிடித்துக் கொடுத்ததே பூதக்கண்ணாடிதான். இப்போது அட்டையைக் கிழித்துவிட்டால் யாருக்கும் தெரியப்போவதில்லை. வரியைச் சத்தமில்லாமல் எடுத்துவிட்டுப் பத்திரிகைமேல் பழியைப் போடலாம். வேலையும் பேரும் தப்பும். கிழிப்பதற்கு வாகாக அட்டையின் ஓரத்தைப் பிடித்தார்.

ஆனால் வரியை மட்டும் எடுத்தால் அது சாகாது. மலர் இருக்கிறது, புத்தகம் இருக்கிறது, கட்டுரை இருக்கிறது. அடுத்த பதிப்பில் எவனாவது ஒரு சூரன் மூன்று ஆதாரத்தோடு கத்தியைத் திரும்பக் கொண்டுவந்து வைப்பான். அது பிறந்த இடம் இதுதான் என்று எழுதி அச்சில் போட்டால்தான் ஒழியும்.

திருத்தக் குறிப்பை எழுதினார்: 'கத்தி என்பது பேட்டியில் இல்லை. சேர்த்தவன் நான்.' கீழே கையெழுத்துப் போட்டார். அட்டையையும் சேர்த்து முதன்மை ஆசிரியரின் மேசையில் வைத்துவிட்டு, உட்காரக்கூடத் தோன்றாமல் நின்றார்.

ஆசிரியர் இரண்டு முறை படித்தார். திட்டவில்லை. திட்டியிருந்தால் தேவலை.

"அந்தப் பொண்ணுக்கு இன்னைக்கே நகல் அனுப்பிடு. அச்சுலயும் போட்டுடலாம்" என்றார். அப்புறம் மூக்குக்கண்ணாடியைக் கழற்றிவிட்டு மெதுவாகக் கேட்டார்: "அந்த முதல் வருஷத்துல இன்னும் எத்தனை பேரோட வாழ்க்கைய நீ எழுதினே?"

இருநூறுக்கு மேல் இருக்கும். ஒலிநாடா அறைக்குத் திரும்பிப் போய், "முதல் நாடாவுலேர்ந்து போடுங்கக்கா" என்றார்.