பழவேற்காட்டில் ஏழுமலை தந்த இருபது நிமிடம்

முட்டியளவுத் தண்ணீரில், உயிர்காப்புச் சட்டையும் போட்டுக்கொண்டு, "காப்பாத்துங்க!" என்று அலறியிருக்கிறேன். வயது ஐம்பத்திரண்டு. இரண்டு படகு நிறையச் சாட்சிகள் இருப்பதால் மறைத்துப் பயனில்லை.

போனது சென்ற மாதம், ஒரு ஞாயிறு. என் மனைவியின் தங்கை மைதிலி நீருக்கடியில் இயற்கைப் படம் எடுப்பவள். (பெண் பார்க்க வந்தவர்கள் அதைக் கல்யாண வீடியோ என்று நினைத்துக்கொண்டு சலுகை விலை கேட்டது தனிக்கதை.) பன்னிரண்டு வருடமாக அந்தமான், லட்சத்தீவு என்று முங்கியிருக்கிறாள், எல்லாம் அடுத்தவர் படத்துக்காக. பழவேற்காடு ஏரியைப் பற்றியதுதான் அவள் பெயரில் வரப்போகும் முதல் படம். சேனல்காரர்களோ, "கலங்கல் ஏரியில் என்ன தெரியும்? திங்கட்கிழமைக்குள் தெளிவாக ஒரு காட்சி அனுப்புங்கள், இல்லையென்றால் விட்டுவிடலாம்" என்றுவிட்டார்கள். உதவியாளனுக்குக் காய்ச்சல். விளக்குப் பிடிக்க நான் போனேன். நீச்சல் தெரியுமா என்று அவள் கேட்கவில்லை. நானும் வலியப் போய்ச் சொல்லவில்லை.

சென்ட்ரலிலிருந்து ஐந்தேகால் மின்சார ரயில். பொன்னேரிக்குப் பத்து ரூபாய். அனுப்பம்பட்டு தாண்டும்போது விடிந்துகொண்டிருந்தது. பொன்னேரியிலிருந்து சுமார் இருபது கிலோமீட்டர். பேருந்தில் போயிருக்கலாம், எங்கள் மூட்டைகளைப் பார்த்த நடத்துனர் அவசரமாக விசில் ஊதிவிட்டார். ஆட்டோவுக்கு அறுநூறு ரூபாய்.

ஏழரை மணிக்கு மீனவர் ஏழுமலையின் படகு. ஏரிக்குள் இருக்கும் தீவுக் கிராமமான பசியாவரத்துக்காரர். ஏரியில் வலை கட்டும் இடங்களை இங்கே முறை வைத்துப் பங்கிட்டுக்கொள்கிறார்கள். அதற்குப் பாடு என்று பெயர். அன்று அவருடைய முறை. கடல்நீர் உள்ளே ஏறும்போது அந்த இடம் கண்ணாடியாகத் தெளியும், மடவை மீன் குஞ்சுகள் கூட்டமாக வரும் என்றார்.

"தண்ணி திரும்பறதுக்குள்ள வலை கட்டிடணும் பாப்பா. உட்டா, என் அடுத்த மொறைக்கு இன்னும் பதினெட்டு நாளு கீது. அரை மணி நேரம் எடுத்துக்கோ."

மைதிலி கேமராவோடு தண்ணீரில் குப்புறப் படுத்தாள்; முதுகு வெளியே தெரிந்தது. அரைக்கால் சட்டையோடு நானும் இறங்கினேன். கால் சேற்றுக்குள் புதைந்ததும் ஏரியே என்னை விழுங்குவதாகத் தோன்றிவிட்டது. அலறலோடு கைகால் உதறலும் சேர்ந்ததில் தண்ணீர் தேநீராகிவிட்டது.

"இன்னா சார், எய்ந்து நில்லு! முட்டித் தண்ணில எவனாவது முழுவுவானா?" என்றார் ஏழுமலை.

பக்கத்துப் படகிலிருந்து ஒருவர், "யோவ், மொதல்ல அவர வலைல கட்டு!" என்றார்.

மைதிலி என்னைத் திட்டவில்லை. முகக்கண்ணாடியைக் கழற்றிக் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். அதற்குத் திட்டே தேவலை.

ஏழுமலை நீரோட்டத்தைக் கொஞ்ச நேரம் பார்த்தார். "நைனா, அப்படியே நில்லு. அசைஞ்சா சேறு கெளம்பும். சொன்ன அரை மணிக்கு மேல இருபது நிமிசம் தர்றேன், அப்புறம் ஓடியாந்து கட்டிக்கறேன்."

"உங்க பாடு போயிடுமேண்ணே" என்றாள் மைதிலி.

"உனக்கும் இன்னிக்குத்தானே மொறை?"

நின்றேன். மூக்கு அரித்தது. தெரிந்த சாமி பெயரெல்லாம் தீர்ந்துபோனது. மெல்ல என் கால்விரல்கள் எனக்கே தெரிய ஆரம்பித்தன. அப்புறம் கெண்டைக்காலில் ஒரு குறுகுறுப்பு. குனிந்து பார்த்தால் நூற்றுக்கணக்கில் மடவைக் குஞ்சுகள், வெள்ளி ஊசிகள் மாதிரி, என் கால்களைச் சுற்றிச் சுற்றி வருகின்றன.

"மூச்சைக் கூட மெதுவா விடுங்க மாமா" என்றாள் மைதிலி. மூன்றரை நிமிடக் காட்சி கிடைத்தது.

பிறகு எல்லோருமாக ஓடி வலை கட்டினோம். கயிற்றின் ஒரு முனை என் கையில். தண்ணீர் திரும்பியதும் இறால் குவிந்தது. ஏழுமலை வீட்டில் அதை வறுத்துப் போட்டார்கள். மூன்று முறை கேட்டு வாங்கிச் சாப்பிட்டேன்.

போகிறவர்களுக்கு: ஏற்ற நீர் நேரத்தை முந்தின நாளே விசாரித்துவிடுங்கள். படம் எடுக்க வனத்துறை அனுமதி வேண்டும். யாருடைய பாடு என்று கேட்காமல் காலை வைக்காதீர்கள். எங்களுக்குப் படகு வாடகை ஆயிரத்து ஐந்நூறு.

சேனலிலிருந்து செவ்வாய்க்கிழமை பதில் வந்தது. காட்சி பிரமாதம், படம் உறுதி. ஒரே ஒரு சந்தேகம் கேட்டிருந்தார்கள்: மீன்குஞ்சுகள் அடைக்கலம் புகுந்த, பாசி படர்ந்த அந்த இரண்டு வேர்களும் எந்த மரத்தினுடையவை?