ஹாப் என்றொரு சொல்

அப்பா போய்ச் சில மாதங்கள் ஆகியிருந்தபோது, அவர் வாயில் தினமும் புழங்கிய ஓர் ஆங்கிலச் சொல் என் அலுவலக மேசைக்கு வந்து சேர்ந்தது.

அமீர்பேட்டில் ஒரு மொழிபெயர்ப்பு அலுவலகத்தில் வேலை பார்க்கிறேன். கீழே இரண்டு தளங்களிலும் கம்ப்யூட்டர் பயிற்சி வகுப்புகள். அதற்கு மேலே நாங்கள் உட்கார்ந்து வாஷிங் மெஷின், மிக்ஸி, ஃப்ரிட்ஜ் ஆகியவற்றோடு வரும் கையேடுகளை அவரவர் மொழியில் எழுதுகிறோம். அன்று எனக்கு வந்தது சமையல் மேடைக்குள் பதித்து வைக்கிற புது மாதிரி கேஸ் அடுப்பின் கையேடு. பக்கத்துக்குப் பக்கம் ஹாப், ஹாப் என்று இருந்தது. ஹாப்பைத் துடைக்கும் முன் ஆறவிடவும். ஹாப்பின் மேல் குழந்தைகளை உட்கார வைக்க வேண்டாம்.

எனக்குத் தெரிந்த ஹாப் வேறு. அப்பா லாலாகுடா ரயில்வே ஒர்க் ஷாப்பில் பற்சக்கரம் வெட்டும் மெஷினில் வேலை செய்தவர். அங்கே ஹாப் என்பது வெட்டுகிற கருவி. கைக்குள் அடங்கும் எஃகு உருளை. மேலே திருகாணிக்கு இருப்பதுபோல் புரி ஓடும். அந்தப் புரியைக் குறுக்கே அறுத்து அறுத்துப் பல் வைத்திருப்பார்கள். இது சுற்றும்போது எதிரே வெறும் இரும்பு வட்டும் சுற்றும். கொஞ்ச நேரத்தில் வட்டின் ஓரமெல்லாம் பல் முளைத்துவிடும். சாப்பிடும்போது அப்பா அம்மாவிடம், இன்றைக்கு ஹாப் சரியில்லை, ஹாப் சூடாகிவிட்டது, மாற்றச் சொல்லியிருக்கிறேன் என்பார். சின்ன வயதில் நான் அது யாரோ ஓர் ஆளின் பெயர் என்று நினைத்திருந்தேன். அப்பாவோடு வேலை செய்கிற, அடிக்கடி கோபம் வருகிற ஒருவர்.

அடுப்புக்கும் அந்தக் கருவிக்கும் எப்படி ஒரே பெயர் வந்தது என்று பார்க்கத்தான் அகராதியைத் திறந்தேன். பெரிய அகராதி. உள்ளே போனால் அந்த மூன்றெழுத்துச் சொல்லுக்குள் ஒரு ஊரே குடியிருந்தது. குளிர்தேசத்து வீடுகளில் கணப்புக்கு ஓரமாக, கெட்டில் ஆறாமல் இருக்க வைக்கும் மேடை ஒரு ஹாப். அதிலிருந்துதான் இன்றைய அடுப்பு வந்தது. கீரிப்பிள்ளை மாதிரி அங்கே வளர்க்கிற ஒரு பிராணியின் ஆணுக்கு அதே பெயர். வளையம் எறிந்து விளையாடும்போது நட்டு வைக்கிற முளையும் ஹாப். விவரம் தெரியாத நாட்டுப்புறத்தானும் ஹாப். கணப்பு மேடைக்கு எங்கிருந்து வந்தது, வெட்டும் கருவிக்கு எங்கிருந்து வந்தது என்பதில் அகராதிக்காரர்களுக்கே உறுதி இல்லை. இருக்கலாம், தெரியவில்லை என்றே எழுதியிருந்தார்கள்.

உறுதியாகச் சொல்லியிருந்தது ஒன்றை மட்டும்தான். அதுதான் எல்லாவற்றிலும் பழையது. ஹாப் என்பது செல்லப் பெயர். ராபர்ட் என்ற பெயரைச் சுருக்கி ராப் என்றார்கள், ராப் வாயில் புரண்டு ஹாப் ஆனது. ஊருக்கு நாலு பேருக்கு அந்தப் பெயர் இருந்ததால் முகம் தெரியாத எவனையும் அப்படிக் கூப்பிட்டார்கள். கடைசியில் வீட்டுக்குள் கண்ணுக்குத் தெரியாமல் இருக்கிற ஒன்றுக்கு அந்தப் பெயரைக் கொடுத்தார்கள். அதன் உண்மையான பெயர் யாருக்கும் தெரியாது, தெரிந்தாலும் சொல்லக்கூடாது. வீட்டார் தூங்கும்போது அது பெருக்கும், அடுப்பு மூட்டும், தண்ணீர் நிரப்பும். யாருக்கும் தொந்தரவு இல்லை. ஆனால் அதற்குப் புதுத் துணி மட்டும் கொடுக்கக்கூடாது. கொடுத்தால் வாங்கிப் போட்டுக்கொண்டு போய்விடும், அப்புறம் வராது.

கையேட்டில் எல்லா இடத்திலும் அடுப்பு என்று போட்டுவிட்டு மெட்ரோ ஏறினேன்.

மெட்டுகுடாவில் ஒரு சந்தில், கீழ்ப் போர்ஷனில் நானும் அம்மாவும் இருந்தோம். நான் கல்யாணம் செய்துகொள்ளவில்லை. தம்பி புனேயில் குடும்பத்தோடு இருக்கிறான். ரயில்வே குவார்ட்டர்ஸைக் காலி செய்தபோது அப்பா இந்த வீட்டை வாங்கினார். தண்ணீர் ஒருநாள் விட்டு ஒருநாள், விடியும் முன்பு வரும். இங்கே கார்ப்பரேஷன் குழாய்க்கு நல்லா என்று பெயர். நல்லா தண்ணீர் பிடிப்பது கடைசி வரைக்கும் அப்பாவின் வேலை. குழாய் வாயில் வெள்ளைத் துணி கட்டி வடிகட்டுவார். டிரம் எவ்வளவு நிரம்பியது என்று விரல் முட்டியால் தட்டிப் பார்ப்பார். முடிந்ததும் துணியை அலசிப் பிழிந்து மறுபடி குழாயிலேயே கட்டி வைப்பார். அந்த முடிச்சு அவருடையது. ஒரு நுனியை இழுத்தால் மொத்தமும் கையோடு வந்துவிடும். ஒர்க் ஷாப்பில் பழகியது.

அன்று சாயங்காலம் அம்மா கீரை ஆய்ந்துகொண்டிருந்தாள். சிரிக்கட்டும் என்றுதான் அப்பாவின் ஹாப்புக்கு இத்தனை அர்த்தம் இருக்கிறது என்று ஆரம்பித்து, ஒவ்வொன்றாகச் சொன்னேன். ஆண் கீரிப்பிள்ளைக்குச் சிரித்தாள். வீட்டுக்குள் இருக்கிறதைப் பற்றி, புதுத் துணி கொடுத்தால் போய்விடுமாம் என்று சொல்லும்போது சிரிப்பு நின்றது. தண்ணீர் நிரப்புமாம் என்றதும் கையிலிருந்த கீரையைக் கீழே வைத்தாள்.

"அப்போ நம்ம வூட்ல நீ தண்ணி புடிக்கலியா?" என்று கேட்டாள்.

நான் பிடிக்கவில்லை. அப்பா போனதிலிருந்து அம்மாதான் பிடிக்கிறாள் என்று நினைத்திருந்தேன். எழுந்து வரும்போது டிரம் நிரம்பியிருக்கும், மேலே தட்டு மூடியிருக்கும். வயதான காலத்தில் இவளுக்கு எதற்கு இந்தப் பாடு என்று தோன்றும். கேட்டால் விட்டுவிடச் சொல்வேனோ என்று மறைக்கிறாள் போல என்று சும்மா இருந்துவிட்டேன். அம்மா என்னைப் பற்றி அதையேதான் நினைத்திருந்தாள். ஆபீஸ் போகிற பெண், சொல்லாமல் கொள்ளாமல் செய்கிறாள் என்று.

இரண்டு பேரும் பின்கட்டுக்குப் போனோம். குழாயில் துணி கட்டியிருந்தது. அம்மா ஒரு நுனியைப் பிடித்து மெதுவாக இழுத்தாள். மொத்தமும் கையோடு வந்துவிட்டது.

அந்தத் துணியைத் திருப்பிக் கட்ட எங்களுக்குத் தைரியம் வரவில்லை. அப்படியே குழாயின் மேல் போட்டுவிட்டு வந்தோம்.

அதற்குப் பிறகு வீட்டில் ஒரு மாதிரி அமைதி வந்தது. நான் பயந்தேன். அம்மா பயப்படவில்லை, அதுதான் எனக்கு இன்னும் பயமாக இருந்தது. அவள் முகம் தெளிந்தது. தண்ணீர் வரும் நாளுக்கு முந்தின சாயங்காலமே டிரம்மைக் கழுவி மூடி வைப்பாள். காலையில் மூடியைத் திறந்து பார்த்துவிட்டு, "வந்துட்டுப் போயிருக்காரு" என்பாள். அப்பாவின் பெயரை அவள் வாழ்நாளில் சொன்னதில்லை. அவர், உங்கப்பா, இல்லாவிட்டால் வெறும் இருமல். முகமறியாதவனுக்குச் செல்லப் பெயர் வைத்துக் கூப்பிட்ட அந்தத் தேசத்துக்காரர்களை நான் அடிக்கடி நினைத்துக்கொண்டேன்.

தெரிந்துகொள்ளாமல் இருந்திருக்கலாம். ஆனால் ஒருநாள் விடியும் முன்பு குழாயில் காற்று சீறும் சத்தம் கேட்டு விழித்துக்கொண்டேன். வழக்கமாக எனக்கு அது கேட்பதில்லை. எழுந்து சமையலறை வரை போனேன். பின்கட்டில் விளக்கு எரிந்தது. அம்மா நின்றுகொண்டிருந்தாள். தோளில் அப்பாவின் துண்டு. ஒரு கை இடுப்பில். மறு கையின் முட்டியால் டிரம்மைத் தட்டி, தலையைச் சாய்த்துக் கேட்டாள். அப்பா அப்படித்தான் கேட்பார். அம்மாவுக்கு அந்தப் பழக்கம் கிடையாது.

"அம்மா" என்றேன்.

திரும்பிப் பார்த்தாள். யார் என்று அடையாளம் தெரிந்த பார்வைதான், ஆனால் அது அம்மாவின் பார்வை இல்லை.

"நீ தூங்கு ராஜாத்தி. நான் பாத்துக்கறேன்" என்றாள்.

என்னை ராஜாத்தி என்று கூப்பிட்டவர் அப்பா மட்டும்தான். அம்மா ஒருநாளும் கூப்பிட்டதில்லை. நான் போய்ப் படுத்துக்கொண்டேன், சொன்னபடி. தண்ணீர் நின்றது, துணியை உதறும் சத்தம் கேட்டது, பிறகு அம்மா வந்து தன் கட்டிலில் படுத்தாள்.

காலையில் காபி கொடுக்கும்போது, தன் புடவைக் கொசுவம் ஏன் ஈரமாக இருக்கிறது என்று என்னைக் கேட்டாள். பாத்ரூம் ஈரமாக இருந்திருக்கும் என்றேன். டிரம்மைத் திறந்து பார்த்து, வந்துவிட்டுப் போயிருக்கிறார் என்று சந்தோஷப்பட்டாள்.

தம்பிக்கு ஃபோன் செய்தேன். டாக்டரிடம் கூட்டிப் போ என்றான். நரம்பு டாக்டர் ஒருவரிடம் போனோம். அவர் நிதானமாக அம்மாவிடம் கேள்வி கேட்டார். இப்போது என்ன மாதம், நூறிலிருந்து ஏழைக் கழித்துக்கொண்டே வாருங்கள் என்றெல்லாம். அம்மா சிலதற்குச் சரியாகச் சொன்னாள், சிலதற்குச் சிரித்து மழுப்பினாள். என்னைத் தனியே கூப்பிட்டு, மறதி தொடங்கியிருக்கிறது, தூக்கத்தில் எழுந்து நடப்பதும் அதோடு சேர்ந்திருக்கலாம் என்றார். ராஜாத்தி பற்றிக் கேட்டேன். இத்தனை வருஷம் பக்கத்திலிருந்து கேட்டவர்தானே, உள்ளே பதிந்திருக்கும் என்றார். மாத்திரை எழுதிக்கொடுத்தார். அவர் சொன்ன எல்லாமே நியாயமாகத்தான் இருந்தது. ஆனாலும் அந்தப் பார்வையை அவர் பார்க்கவில்லை.

வருஷ திதி நெருங்கியது. எங்கள் பக்கத்தில், குடியாத்தம் பக்கம், அன்றைக்குப் போனவருக்குப் புது வேட்டி, சட்டை, துண்டு வைத்துப் படைப்போம். நான் இன்றைக்கு, நாளைக்கு என்று துணி வாங்காமலே தள்ளிக்கொண்டிருந்தேன். படித்த மனுஷி அப்படிச் செய்வாளா என்றால், செய்தேன். முந்தின நாள் தம்பி புனேயிலிருந்து வரும்போது தானே வாங்கி வந்துவிட்டான். பையிலிருந்து எடுத்துப் பூஜை அலமாரியில் வைக்கப் போனவனை அம்மா தடுத்தாள்.

"துணி வாணாம். நக்கோ."

நக்கோ என்றாலும் வேண்டாம்தான், இந்த ஊர் உருது. ஏன் என்று அவனுக்குப் புரியவில்லை. வருஷப் படையலில் துணி இல்லாமல் எப்படி என்று கேட்டான். அம்மா என்னைப் பார்த்தாள்.

"துணி குடுத்தா போயிடுவாராம். இவதான் சொன்னா" என்றாள்.

தம்பி என்னைத் தனியாக அழைத்துக் கோபித்துக்கொண்டான். உடம்பு சரியில்லாதவளிடம் எந்தத் தேசத்துப் பேய்க்கதையோ சொல்வாயா என்றான். ஒரு சொல்லுக்கு அர்த்தம்தான் சொன்னேன் என்றேன். எனக்கே அது பதிலாகத் தோன்றவில்லை. துணியை வைப்பதா வேண்டாமா என்று அன்று முழுவதும் யாரும் முடிவு செய்யவில்லை. பை நாற்காலியிலேயே இருந்தது.

மறுநாள் குளித்துவிட்டு வந்த அம்மா, யாரும் சொல்லாமல் தானே பையைத் திறந்தாள். வேட்டியைப் பிரித்து ஓரத்தில் மஞ்சள் தடவினாள். சட்டையின் அட்டையை உருவி, காலரைக் கையால் நீவினாள். மூன்றையும் படத்துக்கு முன்னால் இலை ஓரமாக வைத்தாள். நான் பக்கத்தில் போய் நின்றேன்.

"ஒரு வருஷமா அந்த ஒரே துண்டோட வந்து நிக்கிறாரு. வெடியகாலம் குளுராது?" என்றாள். துண்டின் மடிப்பை நேராக்கிவிட்டு, "போனாலும் போவட்டும்" என்றாள்.

கற்பூரம் காட்டும்போது அவள் அழவில்லை. நானும் தம்பியும்தான் அழுதோம். வழக்கப்படி தம்பி அந்தத் துணியை உடுத்திக்கொண்டு சாப்பிட்டான். ஊருக்குக் கொண்டும் போய்விட்டான்.

அதற்கடுத்த நாள் தண்ணீர் முறை. காலையில் எழுந்து போனபோது அம்மா பின்கட்டில் மூடியைக் கையில் வைத்துக்கொண்டு நின்றாள். டிரம் காலி. குழாயில் இருந்த துணி காய்ந்து மொரமொரப்பாக இருந்தது. அம்மா மூடியை வைத்துவிட்டு உள்ளே போனாள். மாத்திரையால்தான் நின்றது, நல்ல அறிகுறி என்று டாக்டர் ஃபோனில் சொன்னார். அவருக்கு நன்றி சொன்னேன்.

அன்று முதல் நானே எழுந்து பிடிக்கிறேன். இருட்டில் குழாயடியில் நிற்கும்போது முதுகுப்பக்கம் வெறுமையாக இருக்கும். பயந்த நாட்களில்கூட அப்படி இருந்ததில்லை. யாராவது நின்றால் தேவலை என்றுகூடச் சில நாள் தோன்றியிருக்கிறது. அந்த முடிச்சை முயன்று பார்த்தேன், வரவில்லை. சாதாரண முடிச்சுதான் போடுகிறேன். நனைந்தால் இறுகிக்கொண்டு அவிழ்க்க நகம் வலிக்கிறது.

அம்மாவுக்கு இப்போது பல விஷயங்கள் தங்குவதில்லை. என் வேலை என்ன என்று கேட்பாள், தம்பி குழந்தைகளின் பெயர் மாறிவிடும். நல்லா தண்ணீர் பற்றிக் கேட்பதே இல்லை. போன வாரம் ஒருநாள் நான் பிடித்துக்கொண்டிருக்கும்போது எழுந்து வந்து வாசற்படியில் உட்கார்ந்தாள். டிரம் நிரம்பும் வரை பார்த்துக்கொண்டிருந்தாள். அவளாகவே இருந்தாள்.

"சட்டை அவருக்கு அளவா இருந்துச்சா தெரியலையே" என்றாள். "கடைசியில ரொம்ப எளைச்சுட்டாரு."

அளவாகத்தான் இருந்தது என்றேன். தோள்பட்டை கொஞ்சம் தொளதொளவென்று இருந்தாலும் காற்றோட்டமாக இருக்கும், அவருக்கு அப்படித்தான் பிடிக்கும் என்று அவளே சமாதானம் சொல்லிக்கொண்டாள். பிறகு குளிர்கிறது என்று எழுந்து, பால் பாக்கெட் வந்துவிட்டதா என்று பார்க்க வாசலுக்குப் போனாள்.