அனுப்புநர் பெயர்

பிரிக்பீல்ட்ஸ் தபால் பெட்டியருகே நின்ற கலியமூர்த்திக்கு வேர்த்துக் கொட்டியது. வருமான வரிப் பாரம் அனுப்பும் கெடு முடிய நான்கே நாள். காலையில் உறையைப் பெட்டிக்குள் போட்டுவிட்டு வீட்டுக்குப் போய்ப் பார்த்தால், வரி அலுவலகம் இடம் மாறிவிட்டதாகப் பாரத்தோடு வந்த தாளில் இருந்தது. அவர் எழுதியதோ போன வருடத்து முகவரி.

நாலு மணிக்குத் தபால்காரர் சதீஷ்குமார் வந்து பெட்டியைத் திறந்தார்.

"தம்பி, என் கடிதம் ஒன்னு உள்ள இருக்கு. எடுத்துக்கிறேன் லா."

"போட்டதைத் திருப்பிக் கொடுக்க முடியாது, அங்கிள். என் வேலை போயிரும். வேற பாரம் எழுதி சரியான அட்ரஸுக்கு அனுப்புங்க. பழசு எங்க போயிரும்? அங்க ஆளில்லன்னா, பின்னால எழுதியிருக்கிற உங்க வீட்டுக்கே வந்துரும்."

வரி அதிகாரி என்று போனில் பேசிய மோசடிக்காரனிடம் பக்கத்து வீட்டுக்காரர் சேமிப்பையெல்லாம் பறிகொடுத்த நாளிலிருந்து, எந்த உறையின் பின்னாலும் கலியமூர்த்தி தன் பெயரையோ முகவரியையோ எழுதுவதில்லை.

உள்ளே எல்லாம் இருந்தது. அடையாள அட்டையின் ஐசி நம்பர், சம்பளம், வங்கிக் கணக்கு, கையெழுத்து. தபால் பை சதீஷ்குமாரின் மோட்டார் சைக்கிளில் ஏறிப் போனது. அந்தப் பழைய முகவரியில் இப்போது இருப்பது யாரோ.

சட்டைப்பையில் கைப்பேசி அடித்தது. தெரியாத எண். எடுக்க அவருக்குக் கை வரவில்லை.