மூச்சுத் தின்னிகள்

குண்டசாலையில் கைரியாவைப் போலச் சந்தேகப்படவே பிறந்தவள் வேறொருத்தி இல்லை. பால்காரன் சிரித்தால் பாலில் தண்ணீர் என்பாள். சிரிக்காவிட்டால் நிச்சயம் தண்ணீர் என்பாள். கலகெதரையிலிருந்து பெண் பார்க்க வந்தவர்கள் தேனாகப் பேசியபோது, என்ன கோளாறோ என்று உம்மாவின் காதைக் கடித்தாள். மாப்பிள்ளை ஹபீலுக்கு மூச்சிழுப்பு நோய் என்பது கல்யாணத்துக்குப் பிறகுதான் வெளியே வந்தது. பார்த்தீர்களா, சொன்னேனே என்று ஊரையே ஒரு பிடி பிடித்தாள். ஆனால் அந்த மனிதரின் மூச்சுக்குக் காவல் இருப்பதே அவளுடைய வாழ்க்கையாயிற்று. பிள்ளை குட்டியும் இல்லை. அவர் மூச்சு நின்றால் அவளுக்கு யார் இருக்கிறார்?

எழுபத்தெட்டாம் ஆண்டு. வாசலில் பூச்செடி விற்று வந்த அவளுக்கு, மடுல்கெல்லத் தோட்டத்துப் பழனியாண்டி வழக்கம்போல் ஒரு கூடைச் செடி கொண்டுவந்தார்.

"தேயிலை மலையில வானத்துலருந்து கல்லு ஒன்னு விழுந்திச்சுங்கம்மா. அதச் சுத்தி மொளச்சது. படிச்சவங்க வந்து பாத்துட்டு, இது நம்ம பூமிச் செடியே இல்லைன்னுட்டாங்க."

"பொறகு என்னத்துக்கு எனக்கிட்டக் கொண்டு வந்தீங்க?"

"வேற யாரும் எடுக்க மாட்டேன்னுட்டாங்கம்மா."

இந்த நேர்மை அவளுக்குப் பிடித்துப்போயிற்று. வாங்கி வைத்தாள். வைத்த கையோடு சந்தேகப்படவும் தொடங்கினாள்.

அவை ஒரே குலத்துச் செடிகள், மூன்று வகை. கம்பியைப் பற்றி ஏறுவதற்குக் கொடியன் என்றும், தரையோடு தடித்துக் கிடப்பதற்குக் குந்தாணி என்றும், எந்நேரமும் இலை மூடிக் கிடப்பதற்கு ஊமச்சி என்றும் அவளே பெயர் வைத்தாள். மூன்றுக்கும் இலை சாம்பல் நிறம். மூன்றும் பூக்கவில்லை. மழை பட்டால் வாடின. வெயில் பக்கம் திரும்பவே இல்லை. ஆள் இருக்கும் பக்கம் திரும்பின. வீட்டைப் பூட்டிக்கொண்டு போனால் சுருண்டு படுத்தன. கணுவுக்குக் கணு சின்னப் பைகள் ஊதிப் பெருத்தன. ஹபீலின் கட்டில் ஓரத்து ஜன்னலில் படர்ந்த கொடியனில்தான் எல்லாவற்றிலும் பெரிய பைகள். அதைக் கண்டதிலிருந்து மூக்கைப் பொத்திக்கொண்டுதான் அதற்குக் கிட்டப் போனாள்.

ஜின் வேலையாகத்தான் இருக்கும் என்று பள்ளிவாசல் லெப்பையிடம் ஓதின தண்ணீர் வாங்கி வந்து வேரில் ஊற்றினாள். கருகி விழும் என்று பார்த்தால், விடிவதற்குள் கொடியன் கூரையைத் தொட்டுவிட்டது! பக்கத்து வீட்டு மஸீனா மூக்கின் மேல் விரலை வைத்தாள்.

"ஓதின தண்ணிக்கு இப்பிடித் தழைக்கிதே, இது அல்லாஹ்ட பரக்கத்து எறங்கின செடி மச்சி! எனக்கும் ஒரு கிளை தாங்க."

தெருவே கிளை கேட்டு வந்தது. ஒருத்திக்கும் ஒரு இலைகூடக் கொடுக்கவில்லை கைரியா. லெப்பை தண்ணீரில் ஓதிவிட்டு ஊதியதை அவள் கண்ணால் பார்த்திருந்தாள். செடி குடித்தது தண்ணீரை அல்ல, அந்த மூச்சை. அப்படியானால் ஜன்னலோரத்தில் இராப்பகலாக அது குடிப்பது யாருடைய மூச்சு?

கத்தியோடு போனாள். ஹபீல் கையைப் பிடித்துக்கொண்டார்.

"அது ஈக்கட்டும், கைரியா. வெட்ட வாணாம்."

"ஒங்கட மூச்சத்தான் உறிஞ்சிது. வெளங்கல்லயா?"

"நான் இருமினா எல்லாரும் மொகத்த அந்தப் பக்கம் திருப்புறாங்க. இது மட்டுந்தான் என்ட பக்கம் திரும்புது."

அவளுக்குச் சுருக்கென்றது. கத்தியைக் கீழே போட்டாள். அந்த வருடத்து ஐப்பசி அடைமழையில் ஹபீல் மூச்சு நின்று மவுத்தானார்.

புருஷனை இழந்தவள் நாலு மாதமும் பத்து நாளும் வீட்டோடு இருக்கும் இத்தா இருந்தாள். வெளியே போகக் கூடாது. அவர் படுத்திருந்த அறையும், எதிரே அந்தச் சனியன் பிடித்த கொடியும்தான். ஒரு நாள் ஆத்திரம் தாங்காமல், "கொன்னுட்டியே பாவி!" என்று கம்பிக்குள் கையை விட்டுப் பெரிய பை ஒன்றைப் பிடித்து நசுக்கினாள்.

பை வெடித்தது. கராம்பு வாசம் குப்பென்று வந்தது. சாகும்வரை இருமலுக்கு அவர் வாயில் அடக்கிவைத்திருந்த கராம்பு. பின்னாலேயே, அவளைக் கூப்பிடுவதற்கு முன் அவர் மெல்லக் கனைக்கும் கனைப்பு.

"என்ன வேணும்?" என்று பழக்கதோஷத்தில் திரும்பிவிட்டாள். கட்டில் வெறுமையாகக் கிடந்தது. பிறகுதான் வாய்விட்டு அழுதாள்.

அந்தச் சத்தமும் அழுகையும் காதில் விழுந்த மஸீனா மறுநாள் கத்தியோடு வந்தாள். "வெட்டிப் போட்டுடவா மச்சி?"

"கை வச்சிப் பாரு!"

"நீங்கதானே உசிர உறிஞ்சிதுண்டு சென்னீங்க?"

"இல்லண்டு இப்பவும் செல்லல்ல. அவர்ட மூச்சப் புடுங்கிச்சோ, அவர் விட்ட மூச்சப் பொறுக்கி வச்சிச்சோ... எனக்கி இன்னமும் சந்தேகந்தான்."

மஸீனா போனதும் கதிரையை ஜன்னலருகே இழுத்துப்போட்டு உட்கார்ந்தாள். சாம்பல் இலை ஒன்று மெல்ல அவள் பக்கம் திரும்பியது. இத்தனை நாள் மூக்கைப் பொத்திக்கொண்டே அதற்குக் கிட்டப் போனவள், இப்போது முகத்தை இலையோடு சேர்த்து நீளமாக மூச்சு விட்டாள்.

"என்டதயும் எடு," என்றாள். "அவர்டதுக்குப் பக்கத்துலயே வை."