செவலைக் கோழி செய்த குற்றம்

தாயில்பட்டிப் பக்கம் ஒரு பட்டாசுக் கம்பெனியில் நான் போர்மேன். மருந்து அறையில் தரையில் ஒரு துரும்பு கிடக்கக் கூடாது. கிடந்தால் அன்றைக்கு யாரும் என் வாயில் விழாமல் தப்ப முடியாது. கோபக்காரன் என்ற பேர் எனக்குச் சும்மா வரவில்லை.

வீட்டுக்குப் பின்னால் கம்பிவலை அடித்து எட்டுக் கோழி வாங்கி விட்டேன். பழகிய கை சும்மா இருக்குமா? கூட்டையும் கம்பெனி அறை மாதிரியே வைத்துக்கொண்டேன். சிமெண்டுத் தரை, காலையும் மாலையும் பெருக்கல், ஒரு வைக்கோல் துணுக்குக்கூடக் கிடையாது. அதில் எனக்கு அவ்வளவு பெருமை.

ஒரு மாதத்தில் சண்டை ஆரம்பித்தது. சின்ன வெள்ளைக் கோழி ஒன்றின் முதுகு இறகுகளை மற்றவை பிடுங்கின. ரத்தம் கசிந்தது. இப்படியே போனால் அது பிழைக்காது. எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. முன்னால் நின்று கொத்தியது செவலைக் கோழி. "சண்டைக்காரி" என்று திட்டி, அந்த ஞாயிற்றுக்கிழமையே அதை அறுத்துக் குழம்பு வைக்கச் சொன்னேன். தொல்லை விட்டது என்று மறுசோறு வாங்கிச் சாப்பிட்டேன்.

மறுநாள் கறுப்புக் கோழி கொத்த ஆரம்பித்தது. அடக் கடவுளே!

"இதையும் அறுத்துருவோம்" என்று கிளம்பினேன். மனைவி கூட்டு வாசலை மறித்து நின்றாள்.

"எம்புட்டு கோழியத்தான் அறுப்பீக? கிண்டுறதுக்கு மண்ணு இல்ல, கொத்துறதுக்கு ஒரு தழை இல்ல, ஏறி உக்கார ஒரு குச்சி இல்ல. அதுக என்னதான் செய்யும்? ஒன்ன ஒன்னு கொத்தத்தான் செய்யும். கோழி என்ன பட்டாசா சுத்துது, தரையத் தொடச்சு வைக்க?"

சுருக்கென்றது.

அன்று மாலையே ஒரு மூலையில் மணலும் சாம்பலும் கொட்டினோம். அவள் வைக்கோலைப் பரப்பி அதற்குள் சோளத்தை இறைத்தாள். நான் கருவேலங் கட்டை இரண்டைக் குறுக்கே கட்டி, முருங்கைக்கீரைக் கொத்தைத் தொங்கவிட்டேன். கறுப்பு அண்ணாந்து கீரையைக் கொத்தியது. குப்பையாகக் கிடந்த கூட்டைப் பார்க்கப் பார்க்க எனக்குக் கை துறுதுறுத்தது. விளக்குமாற்றை அவள் முன்கூட்டியே ஒளித்து வைத்திருந்தாள்.

வெள்ளைக்கு முதுகில் இறகு முளைக்கச் சில வாரங்கள் ஆயின. இப்போது அது மணலில் புரண்டு கிடக்கிறது. பக்கத்திலேயே, இறக்கையோடு இறக்கை உரச, அந்தக் கறுப்பு. எனக்குத்தான் மனசு ஆறவில்லை. செவலையும் இங்கே படுத்துக் கிடந்திருக்கும். அன்றைக்குக் குழம்பு ருசியாக வேறு இருந்தது.